தன் வேடத்தில் தானே

ஆஸ்திரியப் பேரரசி எலிசபெத்
மௌனப்படம், ஜெர்மனி, 1921
இயக்கம்: ரோல்ஃப் ரஃபே
பேரரசியாக: கார்லா நெல்சன்

இப்படத்தில் பேரரசியைவிட உற்றுப் பார்க்க வேண்டியவர் அவருடைய அண்ணன் மகள், மரீ லாரிஷ் சீமாட்டி. 1858-இல் பிறந்தவர், தாய் ஹென்ரியெட்டே மெண்டல் ஒரு நாடக நடிகை. அத்தையின் அன்புக்கு உரியவராக அரண்மனையில் வளைய வந்த மரீ, பேரரசியின் மகனான பட்டத்து இளவரசர் ருடால்ஃபுக்கும் அவருடைய காதலி மேரி வெட்செராவுக்கும் இடையே தூது போனார். 1889 ஜனவரி 30 அன்று மாயர்லிங் வேட்டை மாளிகையில் அந்த இருவரும் இறந்துகிடந்தனர். தூது அம்பலமானது. அரண்மனைக் கதவு மரீக்கு அடைபட்டது. அத்தை அவரை மீண்டும் பார்க்கச் சம்மதிக்கவே இல்லை.

1898-இல் ஜெனீவாவில் எலிசபெத் அரத்தால் குத்திக் கொல்லப்பட்டார். 1918-இல் பேரரசே சிதறியது.

அதற்கு மூன்றே ஆண்டுகள் கழித்து வந்தது இந்தப் படம். 60 வயதைத் தாண்டியிருந்த மரீ, திரைக்கதையில் பங்கேற்றதோடு தன் வேடத்தையும் தானே ஏற்றார். 1913-இல் தன் தரப்பை நூலாக எழுதியவர், இங்கே முகத்தாலும் கைகளாலும் மட்டுமே பேசுகிறார். அவர் திரைக்கு வரும்போது நிமிர்ந்து நிற்கும் விதத்தைக் கவனியுங்கள். மற்றவர்கள் ஒத்திகையில் கற்ற அரண்மனை நடையை, இவர் அரண்மனையிலேயே கற்றவர்.