எள்ளலும் ஏடும்: சோவின் எழுத்துப்பணி

தொல்காப்பியர் எண்வகை மெய்ப்பாடுகளுள் நகையை முதலாவதாக வைத்தார். அது பிறக்கும் நிலைக்களன்களுள் எள்ளலையும் ஒன்றாக எண்ணினார். இதனை மாணவர்க்கு விளக்க நம் காலத்து எடுத்துக்காட்டு வேண்டுமாயின், மேடை, திரை, ஏடு ஆகிய மூன்றிலும் எள்ளலையே கருவியாகக் கொண்ட சோ இராமசாமியின் பணியை நோக்கலாம்.

1934இல் பிறந்த சோ, சட்டம் பயின்று வழக்கறிஞரானவர். எனினும் விவேகா பைன் ஆர்ட்ஸ் குழுவின் நாடக மேடையே அவருக்கு எழுத்துப் பள்ளியாயிற்று. 1963இல் ‘பார் மகளே பார்’ படத்தில் நடித்தார். ‘தேன்மழை’ (1966), ‘நிறைகுடம்’ (1969) முதலிய படங்களுக்கு உரையாடல் எழுதினார்.

அவருக்கு நிலைத்த பெயர் தந்தது 1968இல் அரங்கேறிய ‘முகமது பின் துக்ளக்’ நாடகமாகும். 1325 முதல் 1351 வரை தில்லியை ஆண்ட துக்ளக்கும், பயணி இபன் பதூதாவும் கல்லறையிலிருந்து உயிர்த்தெழுந்து வந்ததாக இருவர் நடிக்கின்றனர். மக்களும் நம்புகின்றனர்! துக்ளக் பிரதமராகிறான், கட்சி மாறி வருவோரைத் துணைப் பிரதமராக்குகிறான், பாரசீகத்தை ஆட்சிமொழியாக்குகிறான். மொழிச் சிக்கலும் கட்சித் தாவலும் நாட்டை அலைக்கழித்த காலம் அது. அவையோர் எதைக் கண்டு நகைத்தனர் என்பதைச் சொல்லவும் வேண்டுமோ? 1971இல் சோவே இதனைத் திரைப்படமாக்கி இயக்கினார்.

1970 பொங்கல் நாளில் ‘துக்ளக்’ என்னும் ஏடும் பிறந்தது. அதன் கேள்வி பதில் பகுதியில் மேடை உரையாடலின் இயல்பே விளங்கியது: கேள்வி நீளும், விடை சுருங்கித் தைக்கும். 1975இல் நெருக்கடி நிலை அறிவிக்கப்பட்டதும் அவ்வேடு கறுப்பு அட்டையுடன் வெளிவந்தது. சொல்ல இயலாதபோது சொல்லாமையையே சொல்லாக்கிய உத்தி அது.

சோவின் அரசியல் கருத்துகளை ஏற்பார் உளர். கடுமையாக மறுப்பாரும் பலர் உளர். 1999 முதல் 2005 வரை அவரே மாநிலங்களவையின் நியமன உறுப்பினராக இருந்தபோது, பிறரை அளந்த கோலால் அவரையும் வாசகர் அளந்தனர். 2016இல் அவர் மறைந்தார்.

போர்ட் கிள்ளானை அடுத்த எங்கள் தோட்டப் பள்ளியில் ஒருமுறை நகைச்சுவை நாடகம் எழுதச் சொன்னேன். ஒரு மாணவன் திக்கிப் பேசும் தோழனைப் பாத்திரமாக்கினான். வகுப்பே சிரித்தது, அத்தோழன் மட்டும் தலைகுனிந்தான். எள்ளலுக்கும் இழித்துரைக்கும் இடையே உள்ள வேறுபாட்டை அன்றுதான் கற்பித்தேன். வலியார் செருக்கை நோக்கிச் செல்வது எள்ளல். எளியார் குறையை நோக்கிச் செல்வது இழிப்பு.

துக்ளக் நாடகத்தின் முடிவையும் அவர்களுக்குக் கூறினேன். நாட்டின் குறையைக் காட்டவே வேடம் புனைந்தவன், பதவிச் சுவை கண்டபின் உண்மையைக் கூற மறுத்துவிடுகிறான். ஆகவே, எள்ளுவோனும் எள்ளலுக்கு விலக்கல்லன். மாணவர் பேனாவை எடுக்குமுன் உணரவேண்டிய முதற்பாடம் இதுவே.