முதல் தேதி வெள்ளிக்கிழமையில் வராத நாடு

உங்கள் பிள்ளையின் பிறந்தநாள் இந்த ஆண்டு என்ன கிழமையில் வருகிறது? கேட்டவுடன் கண் சுவருக்குத்தானே போகும்? போன ஆண்டு வந்த கிழமையில் இந்த ஆண்டு வராது. ஒரு நாள் தள்ளிப் போயிருக்கும். லீப் ஆண்டு குறுக்கிட்டால் இரண்டு நாள். அதனால்தான் வருடா வருடம் பழைய நாள்காட்டியைக் கழற்றிவிட்டுப் புதியதை மாட்டுகிறோம்.

தாத்தா மாட்டிய நாள்காட்டியையே பேரனும் பார்த்துக்கொள்ளக்கூடிய நாடு ஒன்று உண்டு. அதன் பெயர் ஷயர். தேசப்படத்தில் தேட வேண்டாம்! ஆக்ஸ்போர்டு பல்கலைக்கழகத்தில் பழைய ஆங்கிலம் கற்பித்த பேராசிரியர் ஜே. ஆர். ஆர். டோல்கீனின் கற்பனையில் பிறந்த நாடு அது. ‘தி லார்ட் ஆப் தி ரிங்ஸ்’ என்ற அவருடைய பெருங்கதை 1954, 1955ஆம் ஆண்டுகளில் மூன்று பாகங்களாக வெளிவந்தது. மூன்றாம் பாகத்தின் பின்னிணைப்பில் அந்த நாட்டு நாள்காட்டியையும் அச்சிட்டுக் கொடுத்திருக்கிறார்.

ஷயரில் வாழ்கிறவர்கள் ஹாபிட் எனப்படும் குள்ள மனிதர்கள். உழவும் விருந்தும்தான் அவர்களுக்கு உயிர். அவர்களுக்கும் ஆண்டுக்கு 365 நாள்தான். பன்னிரண்டு மாதம், மாதத்துக்குச் சரியாக 30 நாள். ஆக 360. மீதி ஐந்து நாளும் எந்த மாதத்திலும் சேராத திருநாள்கள். ஆண்டின் கடைசியில் ஒன்று, தொடக்கத்தில் ஒன்று, நட்ட நடுவில் மூன்று.

சூட்சுமம் அந்த நடுநாளில் இருக்கிறது. அதற்குக் கிழமையே கிடையாது! 365ஐ ஏழால் வகுத்தால் ஒன்று மிஞ்சும். அந்த ஒன்றுதான் நமக்குக் கிழமையைத் தள்ளிவிடுகிறது. ஹாபிட்டுகள் அந்த ஒரு நாளை வாரக் கணக்கிலேயே சேர்ப்பதில்லை. வெள்ளிக்கிழமை முடிந்தால் கிழமையில்லாத ஒரு திருநாள். அதற்கு மறுநாள் சனிக்கிழமை. லீப் ஆண்டில் வரும் கூடுதல் நாளுக்கும் இதே ஏற்பாடுதான். மிச்சம் 364 நாள், சரியாக 52 வாரம். ஆண்டு எப்போதும் சனிக்கிழமை தொடங்கி வெள்ளிக்கிழமை முடியும். கதாநாயகன் புரோடோவின் பிறந்தநாளான செப்டம்பர் 22 எந்த ஆண்டிலும் வியாழன்தான். (அங்கே பிறந்தநாள் கொண்டாடுகிறவர்தான் விருந்தாளிகளுக்குப் பரிசு கொடுக்க வேண்டும். நம் பிள்ளைகள் காதில் இதைப் போட்டுவிடாதீர்கள்!)

கணக்குப் போட்டுப் பார்த்தால் இன்னொன்றும் தெரியும். எந்த மாதத்தின் முதல் தேதியும் வெள்ளிக்கிழமையில் விழாது. ஆகவே நடக்கவே நடக்காத காரியத்தை, ‘முதல் தேதி வெள்ளிக்கிழமை நடக்கும்’ என்று ஹாபிட்டுகள் கேலி செய்வார்களாம். நம் மளிகைக் கடைகளில் ‘இன்று ரொக்கம், நாளை கடன்’ என்று எழுதி மாட்டியிருப்பார்களே, அதே குறும்பு!

மாதப் பெயர்களை மட்டும் டோல்கீன் வெறும் கற்பனையில் எடுக்கவில்லை. பீட் என்ற ஆங்கிலேயத் துறவி 725ஆம் ஆண்டில் எழுதிய நூலில் அக்கால மாதப் பெயர்கள் இருக்கின்றன. மே மாதத்தின் பெயருக்கு ‘மூன்று கறவை’ என்று பொருள். புல் செழித்து, பசுக்களை நாளுக்கு மூன்று வேளை கறந்த மாதம் அது. அந்தப் பெயரைத்தான் சற்று மாற்றி ஹாபிட்டுகளுக்குக் கொடுத்தார். மாடு வளர்த்த குடும்பங்களுக்கு இதன் அருமை தெரியும்.

இதே யோசனையை நிஜ உலகத்திலும் சிலர் கொண்டுவரப் பார்த்தார்கள். எலிசபெத் அக்கெலிஸ் என்ற அமெரிக்கப் பெண்மணி 1930இல் ஒரு சங்கம் அமைத்து, ஆண்டுக் கடைசியில் கிழமையில்லாத ‘உலக நாள்’ ஒன்றை வைக்கச் சொல்லிப் பாடுபட்டார். விவகாரம் ஐக்கிய நாடுகள் சபை வரை போயிற்று. 1955இல் அமெரிக்க அரசாங்கம் முடியாது என்றுவிட்டது. காரணம், வழிபாடு. ஏழு நாளுக்கு ஒரு முறை தொழுகிறவனிடம், ‘நடுவில் ஒரு நாளை எண்ணாதே’ என்றால் ஒப்புவானா? ஒருவருக்கு வெள்ளி, ஒருவருக்குச் சனி, ஒருவருக்கு ஞாயிறு. எல்லாமே நழுவிவிடும். அவர்கள் மறுத்ததில் நியாயம் இருப்பதாகவே எனக்குப் படுகிறது. ஹாபிட்டுகளுக்குக் கோயிலும் இல்லை, பள்ளிவாசலும் இல்லை. ஒரு நாளை எடுத்து ஒதுக்கி வைப்பது அவர்களுக்குச் சுலபம்.

நாள்காட்டியைச் சரி செய்தாலும் வானத்து நிலவு சும்மா இருக்குமா? டோல்கீனை அது நன்றாகவே அலைக்கழித்தது. போர்க்காலத்தில் அவருடைய மகன் கிறிஸ்டபர் விமானப்படைப் பயிற்சிக்காகத் தென்னாப்பிரிக்காவில் இருந்தார். தந்தை கதையை எழுத எழுத, அத்தியாயம் அத்தியாயமாகத் தபாலில் மகனுக்கு அனுப்பிவந்தார். 1944 மே மாதம் ஒரு சிக்கல். கதைமாந்தர்கள் பிரிந்து வெவ்வேறு திசையில் போகிறார்கள். கணக்குப் பார்த்தால், நாட்டின் ஒரு பக்கம் நிலவு உதிக்கும் அதே நேரத்தில் மறுபக்கம் மறைந்துகொண்டிருக்கிறது! படிக்கிறவர்களில் எத்தனை பேர் இதைக் கவனிக்கப் போகிறார்கள்? ஆனாலும் மனிதர் விடவில்லை. பிற்பகல் முழுவதும் உட்கார்ந்து பழைய அத்தியாயங்களைத் திருத்தி, நிலவைச் சரியான இடத்தில் வைத்துவிட்டு, அந்தக் கூத்தையும் மகனுக்குக் கடிதத்தில் எழுதினார்.