வீட்டிலேயே பட்டாணி மசியல்: தாளிக்கும் முன் நோயாளியின் பங்கை எடுத்து வையுங்கள்

மருத்துவமனையிலிருந்து வீடு திரும்புவோரிடம் மென்மையான உணவே தர வேண்டும் என்று சொல்லி அனுப்புகிறோம். பல வீடுகளில் அந்த அறிவுரை கஞ்சி, இட்லி, இரசஞ்சோறு, ரொட்டி என்னும் நான்கிற்குள் அடங்கிவிடுகிறது. இவை எளிதில் செரிப்பவையே. ஆயினும் நாள்தோறும் இவற்றை மட்டுமே உண்டால் உடலுக்குத் தேவையான புரதம் கிட்டுவதில்லை. 30 கிராம் அரிசியில் காய்ச்சிய ஒரு கிண்ணம் கஞ்சியில் 2 முதல் 3 கிராம் வரையே புரதம் உண்டு. புண் ஆறுவதற்கும், படுக்கையில் கிடந்து தளர்ந்த தசைகள் மீண்டும் வலுப்பெறுவதற்கும் புரதம் இன்றியமையாதது. பல் இல்லாத முதியவர்களும், வாய்ப்புண்ணால் மெல்ல இயலாதவர்களும் இக்குறையால் மெல்ல மெல்ல மெலிந்துபோவதை வீட்டார் உடனே உணர்வதில்லை.

இக்குறையைக் குறைந்த செலவில் போக்கவல்ல தொடுகறி ஒன்றை இம்முறை விளக்குகிறோம். அது பட்டாணி மசியல். உலர்ந்த பட்டாணியில் 100 கிராமுக்கு ஏறத்தாழ 20 கிராம் புரதம் இருக்கிறது. அரிசியில் குறைவாக உள்ள லைசின் என்னும் அமினோ அமிலம் பட்டாணியில் நிறைந்துள்ளது. பட்டாணியில் குறைவாக உள்ள மெத்தியோனின் அரிசியில் போதிய அளவு உள்ளது. ஆகவே சோற்றோடு பட்டாணி சேரும்போது ஒன்றின் குறையை மற்றொன்று நிறைவு செய்கிறது.

இங்கிலாந்தின் வட பகுதியில் முற்றிக் காய்ந்த பெரிய பட்டாணியை இரவு முழுவதும் சோடா கலந்த நீரில் ஊறவைத்து, குழைய வேகவைத்து, பொரித்த மீனுடன் உண்பது நெடுநாளைய வழக்கம். நம் வீடுகளில் பருப்பையும் கீரையையும் மத்தால் கடைந்து மசிப்பதும் ஏறத்தாழ அதே முறைதான். ஆகவே புதிதாகக் கற்க வேண்டியது மிகுதியாக இல்லை. நோயாளிக்கு ஏற்றவாறு சில இடங்களில் கவனம் செலுத்தினால் போதும்.

வாங்கும்போதும் வைக்கும்போதும்

கண்ணைப் பறிக்கும் பச்சை நிறத்தில் பளபளக்கும் உலர் பட்டாணியை ஐயத்துடன் நோக்குங்கள். நிறம் ஏற்றப்பட்டதா என்று அறிய எளிய வழி உண்டு. ஒரு கண்ணாடிக் குவளையில் சிறிதளவு பட்டாணியை இட்டு நீர் ஊற்றிக் கலக்கி, அரை மணி நேரம் வையுங்கள். நீரில் பச்சை நிறம் தெளிவாகப் பிரிந்து வந்தால் அதனைச் சமைக்க வேண்டா. நிறம் மங்கிய பட்டாணியே பெரும்பாலும் நம்பத்தக்கது.

வெப்பமும் ஈரமும் சேர்ந்த இடத்தில் பல மாதங்கள் கிடந்த பட்டாணி எவ்வளவு நேரம் வேகவைத்தாலும் நடுவில் கடினமாகவே நிற்கும். தென்காசி, குற்றாலம், செங்கோட்டைப் பகுதிகளில் சாரல் தொடங்கிவிட்டால் காற்றில் ஈரம் மிகும். ஆகவே அக்காலத்தில் சிறிது சிறிதாக வாங்கி, நன்கு மூடிய உலர்ந்த டப்பாவில் வைத்துக்கொள்வது நல்லது. பூசண வாடை வீசும் பட்டாணியைக் கழுவிப் பயன்படுத்தலாம் என்று எண்ணாமல் எறிந்துவிடுங்கள்.

செய்முறை

நால்வருக்கு 200 கிராம் உலர் பட்டாணி போதும். ஒருவர் பங்கிற்கு ஏறத்தாழ 10 கிராம் புரதம் கிடைக்கும்.

பட்டாணியைக் கல், சொத்தை நீக்கிக் கழுவி, அதன் அளவைப்போல் நான்கு மடங்கு நீரில் 8 முதல் 10 மணி நேரம் ஊறவையுங்கள். கோடையில் இடையே ஒருமுறை நீரை மாற்றுங்கள். ஊறிய நீரைக் கொட்டிவிட்டு மீண்டும் கழுவுங்கள். வயிற்றில் வாயுவை உண்டாக்கும் சர்க்கரைப் பொருள்களில் ஒரு பகுதி அந்நீரோடு போய்விடும்.

குக்கரில் பட்டாணியும் புது நீரும் சேர்ந்து பாதி அளவுக்கு மேல் இருக்கக் கூடாது. பயறுகள் வேகும்போது நுரையும் தோலும் மேலெழுந்து ஆவி வெளியேறும் துளையை அடைக்கக்கூடும். ஒரு தேக்கரண்டி எண்ணெய் சேர்த்தால் நுரை அடங்கும். முதல் விசில் வந்ததும் தீயைத் தணித்து 15 நிமிடம் வேகவிட்டு இறக்குங்கள். ஆவி தானாக அடங்கிய பின்னரே மூடியைத் திறக்க வேண்டும்.

ஒரு பட்டாணியைக் கட்டைவிரலுக்கும் சுட்டுவிரலுக்கும் இடையே வைத்து அழுத்துங்கள். நடுவில் கட்டி எதுவும் தட்டுப்படாமல் நசுங்கினால் பதம் சரி. இல்லையேல் இன்னும் சிறிது நேரம் வேகவையுங்கள். புளி, எலுமிச்சை, தக்காளி ஆகியவற்றை இந்நிலைக்கு முன் சேர்க்காதீர்கள். புளிப்பு பட்டாணியைக் குழையவிடாது. சுண்ணாம்புச் சத்து மிகுந்த கிணற்று நீரும் அவ்வாறே செய்யும். அத்தகைய ஊர்களில் வேகவைப்பதற்குக் குடிநீரைப் பயன்படுத்துங்கள்.

சோடா உப்பைத் தவிர்ப்பதே நல்லது. வேகும் நீரில் அரைத் தேக்கரண்டி சோடா சேர்த்தால் ஏறத்தாழ 600 மில்லிகிராம் சோடியம் உணவில் கூடுகிறது. ஒருவர் ஒரு நாளில் 2000 மில்லிகிராமுக்கும் குறைவாகவே சோடியம் கொள்ள வேண்டும் என்பது உலக சுகாதார நிறுவனத்தின் அறிவுரை. மேலும் சோடா, பட்டாணியில் உள்ள தயமின் என்னும் உயிர்ச்சத்தையும் அழிக்கிறது. நன்றாக ஊறிய பட்டாணிக்குச் சோடா தேவையில்லை.

வெந்த பட்டாணியுடன் சிறிது மஞ்சளும் சீரகப் பொடியும் சேர்த்து மத்தால் கடையுங்கள். ஆறும்போது மசியல் இறுகும். எனவே, வெந்த நீரைச் சிறிது சிறிதாக ஊற்றி, வேண்டிய பதத்தைவிடச் சற்றுத் தளர்வாகவே வைத்துக்கொள்ளுங்கள்.

இரண்டாகப் பிரிக்கும் இடம்

இக்கட்டுரையில் நாங்கள் முதன்மையாக வலியுறுத்துவது இதுவே. உப்பு இடுவதற்கும் தாளிப்பதற்கும் முன்பாக, நோயாளியின் பங்கைத் தனிக் கிண்ணத்தில் எடுத்து வையுங்கள். எஞ்சியதற்குத் தேங்காய் எண்ணெயில் கடுகு, மிளகாய் வற்றல், சின்ன வெங்காயம், கறிவேப்பிலை தாளித்து, அளவாக உப்பிட்டு, இறக்கியபின் எலுமிச்சைச் சாறு பிழிந்தால் வீட்டாருக்குச் சுவையான தொடுகறி ஆயத்தம். நோயாளிக்கெனத் தனிச் சமையல் செய்யும் சுமை இதனால் குறைகிறது. வீட்டில் எல்லோரும் உண்பதையே தாமும் உண்கிறோம் என்னும் நிறைவு நோயாளிக்கும் கிட்டுகிறது. அதன்பின், எடுத்து வைத்த பங்கை அவரவர் நோய்க்கேற்ப முடிக்க வேண்டும்.

*மெல்ல இயலாதவர்களுக்கு:* அரைத் தேக்கரண்டி நெய்யும் சிறிது உப்பும் சேர்த்து இளஞ்சூட்டில் கொடுங்கள். வாய்ப்புண் உள்ளவர்களுக்கு மிளகாயும் எலுமிச்சையும் வேண்டா.

*பக்கவாதத்தால் விழுங்குவதில் இடர்ப்பாடு உள்ளவர்களுக்கு:* மருத்துவர் அல்லது விழுங்கல் பயிற்சியாளர் மசித்த உணவு தரலாம் என்று கூறியிருந்தால் மட்டுமே கொடுங்கள். இவர்களுக்குக் கடைந்தது மட்டும் போதாது. பட்டாணித் தோல் தொண்டையில் ஒட்டிக்கொள்ளும். ஆகவே மெல்லிய கண்ணுள்ள வடிகட்டியில் தேய்த்துத் தோலை முற்றிலும் நீக்க வேண்டும். கரண்டியில் எடுத்துச் சாய்த்தால் மசியல் ஒரே திரளாக வழுக்கி விழ வேண்டும். கரண்டியில் ஒட்டி நிற்பதும், நீராய் ஒழுகுவதும் இவர்களுக்கு ஏற்ற பதம் அன்று. கடுகும் கறிவேப்பிலையும் மூச்சுக்குழலுக்குள் நழுவக்கூடியவை. நிமிர்ந்து உட்கார வைத்துச் சிறு கரண்டியால் ஊட்டுங்கள்; உண்டபின் அரை மணி நேரம் படுக்க விடாதீர்கள். உண்ணும்போது இருமினாலோ, குரல் ஈரமாக ஒலித்தாலோ உடனே நிறுத்திவிட்டு எங்களிடம் தெரிவியுங்கள். நுரையீரலுக்குள் செல்லும் உணவு கடும் நிமோனியாவை உண்டாக்கும்.

*சிறுநீரக நோயாளிகளுக்கு:* பட்டாணியில் பொட்டாசியமும் பாஸ்பரசும் உள்ளன. ஊறிய நீரையும் வெந்த நீரையும் கொட்டிவிட்டால் பொட்டாசியம் ஓரளவு குறையும், முற்றிலும் நீங்காது. டயாலிசிஸ் செய்துகொள்வோர்க்கும் செய்யாதோர்க்கும் புரத அளவு வேறுபடும். ஆகவே உணவியல் வல்லுநர் அளவு குறித்துத் தந்த பின்னரே கொடுங்கள். சோடியம் குறைந்த உப்பு என்று விற்கப்படுவனவற்றில் பெரும்பாலும் பொட்டாசியம் குளோரைடு கலந்திருப்பதால் இவர்கள் அதனைத் தொடவே கூடாது.

*நீரிழிவு உள்ளவர்களுக்கு:* பட்டாணியின் நார்ச்சத்து இரத்தச் சர்க்கரை விரைந்து ஏறுவதைத் தடுக்கிறது. எனினும் அதிலும் மாவுச்சத்து உண்டு. மசியலைக் கூட்டும்போது சோற்றைக் குறைத்துக்கொள்ளுங்கள்.

*குடல் அறுவை செய்துகொண்டவர்களுக்கு:* நார்ச்சத்துள்ள உணவைத் தொடங்கலாம் என்று அறுவை மருத்துவர் சொல்லும்வரை பட்டாணி வேண்டா.

மீந்ததை என் செய்வது?

சமைத்த மசியலை இரண்டு மணி நேரத்திற்கு மேல் வெளியில் வைக்கக் கூடாது. சாரல் காலத்தில் காற்று குளிர்ந்திருந்தாலும் சமையலறையின் வெப்பம் கிருமிகள் பெருகப் போதுமானதே. மீந்ததை அகன்ற பாத்திரத்தில் பரப்பி விரைவில் ஆறவைத்துக் குளிர்சாதனப் பெட்டியில் வையுங்கள். மறுநாள் ஆவி பறக்க ஒருமுறை மட்டும் சூடாக்கி முடித்துவிடுங்கள். நோயாளியின் எச்சில் கரண்டி பட்ட பங்கைச் சேமிக்க வேண்டா.

முதல் நாளில் இரண்டு மேசைக்கரண்டி அளவே கொடுத்து, வயிற்று உப்பசம் இல்லையெனில் படிப்படியாகக் கூட்டுங்கள். எவ்வளவு உண்டார் என்பதையும், வாரம் ஒருமுறை உடல் எடையையும் ஒரு தாளில் குறித்து, அடுத்த முறை மருத்துவரைக் காண வரும்போது கொண்டு வாருங்கள். உணவை மாற்றுவதா, தொடர்வதா என்று முடிவு செய்ய அக்குறிப்பு எங்களுக்குப் பெரிதும் உதவும்.