ஈற்றடி

அடி என்னும் சொல் காலையும் குறிக்கும். செய்யுளின் வரியையும் குறிக்கும். செய்யுளடியின் வழுக்களைக் களைவதே தொழிலாகக் கொண்ட எனக்குக் காலடியின் இலக்கணத்தை உணர்த்தியவர் ஜேன் சவில் என்னும் அவுஸ்திரேலிய நங்கையார். அவர் ஓட்டக்காரர் அல்லர், விரைநடை வீராங்கனை.

எங்கள் நாவலப்பிட்டியைச் சூழ்ந்த தோட்டங்களிலே, விடியலில் பிரட்டுக்கு வந்து, கொழுந்துக் கூடையுடன் மலையேறும் பெண்களை அன்றாடம் காண்பவர்கள், நடையிலும் ஒரு போட்டியா என்று நகைப்பர். யானும் நகைத்தவனே. ஆயின் அந்நடைக்கு இரு கடுமையான விதிகள் உண்டு. எப்போதும் ஒரு காலேனும் நிலத்தைத் தொட்டிருத்தல் வேண்டும். முன்வைத்த கால் நிலத்தைத் தொட்ட கணம் முதல் உடலின் நேர்க்கீழே வரும்வரை முழங்கால் மடங்கலாகாது. வழிநெடுக நிற்கும் நடுவர்கள் கருவி எதுவுமின்றி வெறுங்கண்ணாலேயே இவற்றை ஆராய்வர். அக்காலத்தில் அவருள் மூவர் தனித்தனியே பிழை கண்டால் அவ்வீரர் விலக்கப்பட்டார்.

ஆடவர்க்கு 1908 முதலே ஒலிம்பிக்கில் இடம்பெற்ற இப்போட்டி, மகளிர்க்கு 1992இல் பார்சலோனாவிலேதான் 10 கிலோமீற்றராகத் திறந்தது. 2000இல் சிட்னியில் அது 20 கிலோமீற்றராயிற்று.

சிட்னி ஜேன் பிறந்த நகரம். 1998இல் கோலாலம்பூர்ப் பொதுநலவாய விளையாட்டில் பொன் வென்றவர் அவர். 2000 செப்ரெம்பர் 28ஆம் நாள், அவருக்கு முன் சென்ற சீன, இத்தாலிய வீராங்கனைகள் விலக்கப்பட, அவரே முதலாமவராய் அரங்கை அணுகினார். உள்ளே ஊரார் ஆரவாரித்துக் காத்திருந்தனர். நுழைவாயிலிலே தலைமை நடுவர் சிவப்பு அட்டையைக் காட்டினார். எஞ்சியிருந்தது ஈற்றடி ஒன்றே. ஜேன் முகத்தைப் பொத்திக்கொண்டு அழுதார். சீனாவின் வாங் லிப்பிங் பொன் பெற்றார்.

தொலைக்காட்சியில் அதனைக் கண்ட எனக்கு அன்றிரவு துயில் வரவில்லை. காரணம் உண்டு. அதற்கு முந்திய ஆண்டு, மாணவர்க்கான வெண்பாப் போட்டி ஒன்றுக்கு யான் நடுவனாய் இருந்தேன். லயத்திலிருந்து வந்த ஒரு சிறுமி, கொழுந்தெடுக்கும் தன் தாயைப் பாடியிருந்தாள். வந்தவற்றுள் உயிருள்ள வெண்பா அதுவே. தளை எங்கும் தட்டவில்லை. ஆனால் நாள், மலர், காசு, பிறப்பு என்பவற்றுள் ஒன்றாய் முடியவேண்டிய ஈற்றுச்சீர் தேமாவாய் நின்றுவிட்டது. யான் செங்கோடிட்டு விலக்கினேன். அது நீதியே, இன்றும் அவ்வாறே செய்வேன். ஆயின் அவளை அழைத்து, “பிள்ளாய், ஒரு சீர்தான், மாற்றி எழுதி வா” என்று ஒரு சொல் சொன்னேனில்லை. அடுத்த ஆண்டு அவள் பள்ளிக்கு வரவில்லை. அத்தாள் இன்னும் என் பெட்டியில் உள்ளது.

ஜேனின் கதை சிட்னியோடு முடியவில்லை. 2002இல் மன்செஸ்டரில் மீண்டும் பொதுநலவாயப் பொன். 2004இல் ஏதென்ஸ் ஒலிம்பிக்கில் அதே 20 கிலோமீற்றரை 1 மணி 29 நிமிடம் 25 விநாடியில் வழுவின்றி நடந்து வெண்கலம் பெற்றார். 2006இல் மெல்போர்னில் மூன்றாம் முறையாகப் பொதுநலவாயப் பொன் அவருடையதாக, வெள்ளி அவர்தம் தங்கை நற்றாலிக்குக் கிடைத்தது. 2008இல் பெய்ஜிங்கிலே தம் நான்காம் ஒலிம்பிக்கையும் நடந்து முடித்தார்.

விதி அவருக்காக வளையவில்லை. அவரே விதிக்குள் நடக்கக் கற்றுத் திரும்பினார். ஆனால் திரும்புவதற்கு அவருக்கு இன்னொரு களம் இருந்தது. என் மாணாக்கிக்கு அக்களத்தைக் காட்டியிருக்க வேண்டியவன் யான்.

அன்று தொட்டு, பிழை கண்ட தாளின் கீழே “திருத்தி மீண்டும் கொணர்க” என்று எழுதி, உரியவர் கையிலேயே கொடுத்து வருகிறேன். செங்கோட்டை யான் கைவிடவில்லை. அதன்கீழ் ஒரு வரி சேர்த்திருக்கிறேன், அவ்வளவே.