தீமை, துன்பம், களியாட்டம்: புனித அகுஸ்தினாரின் போதனை

அறிமுகம்

கடவுள் நல்லவர் என்றால் உலகில் துன்பம் ஏன்? துன்பப்படுபவர் பாவம் செய்தவரா? நாடகமும் விளையாட்டுக் காட்சியும் பார்ப்பது பாவமா? திருச்சபையின் மறையுரைகளில் தொடக்க காலம் முதல் எழுந்துவரும் வினாக்கள் இவை. முதல் இரண்டும் ஒருபுறம், மூன்றாவது மறுபுறம் எனத் தனித்தனியாக மனனம் செய்யும் மாணவர் பலர். ஆனால் இவை ஒன்றோடொன்று தொடர்புடையவை. இத்தொடர்பைத் தெளிவாக எடுத்துக்காட்டியவர் புனித அகுஸ்தினார் ஆவார்.

1. அகுஸ்தினாரின் வாழ்வு – சுருக்கம்

• கி.பி. 354இல் வட ஆபிரிக்காவின் தகாஸ்தே நகரில் பிறந்தார். இது இன்று அல்ஜீரியா நாட்டில் உள்ளது.
• கார்த்தேஜ் நகரில் கல்வி கற்றார். அங்கே நாடகக் காட்சிகளில் மிகுந்த நாட்டம் கொண்டிருந்தார்.
• ஏறத்தாழ ஒன்பது ஆண்டுகள் மனிக்கேய மதத்தைப் பின்பற்றினார்.
• 387இல் மிலான் நகரில் ஆயர் புனித அம்புரோசியாரிடம் திருமுழுக்குப் பெற்றார்.
• பின்னர் ஹிப்போ நகரின் ஆயரானார். 430இல் வண்டாலர் அந்நகரை முற்றுகையிட்டிருந்த வேளையில் இறந்தார்.

'அறிக்கைகள்', 'கடவுளின் நகரம்' ஆகியன இவருடைய முக்கிய நூல்களாகும்.

2. தீமை என்றால் என்ன?

ஒளி, இருள் என இரு நிலையான சக்திகள் உலகில் போரிடுகின்றன என்று மனிக்கேயர் போதித்தனர். அவர்களின் கருத்துப்படி தீமை கடவுளுக்கு எதிராக நிற்கும் தனியொரு பொருளாகும். அகுஸ்தினார் பின்னர் இதை மறுத்தார். அவருடைய விளக்கத்தைப் பின்வருமாறு தொகுக்கலாம்.

(அ) கடவுள் படைத்த யாவும் நல்லவை. தீமை கடவுளால் படைக்கப்பட்ட பொருள் அன்று.
(ஆ) இருக்கவேண்டிய நன்மை குறைவுபடுவதே தீமை. நோய் என்பது உடலில் நலம் குறைவுபடுதல். நோய் குணமாகும்போது அது வேறோர் இடத்திற்குச் சென்று வாழ்வதில்லை, இல்லாமற் போகின்றது. தீமையும் அத்தகையதே.
(இ) மனிதன் தன் சுதந்திரத்தைத் தவறாகப் பயன்படுத்தி, உயர்ந்த நன்மையை விட்டுத் தாழ்ந்ததை நாடும்போது ஒழுக்கத் தீமை, அதாவது பாவம், பிறக்கின்றது.

இதற்கு அவர் தம் வாழ்விலிருந்தே உதாரணம் தருகின்றார். பதினாறு வயதில் நண்பர்களுடன் சேர்ந்து அயலவரின் மரத்திலிருந்து பேரிக்காய்களைத் திருடினார். பசிக்காகத் திருடவில்லை; பெரும்பகுதியைப் பன்றிகளுக்கு எறிந்தனர். தடுக்கப்பட்டதைச் செய்வதில் கண்ட இன்பமும் நண்பர் கூட்டத்தின் தூண்டுதலுமே காரணங்கள் என அவர் எழுதுகின்றார். தனியே என்றால் இதைச் செய்திருக்கமாட்டேன் என்றும் ஒப்புக்கொள்கின்றார்.

3. துன்பம் பாவத்தின் தண்டனையா?

410 ஆகஸ்ட் மாதத்தில் அலாரிக் என்பவனின் தலைமையில் விசிகோத்தியர் உரோமை நகருள் புகுந்து மூன்று நாட்கள் கொள்ளையடித்தனர். ஏறத்தாழ 800 ஆண்டுகளாக எந்தப் பகைவரும் கைப்பற்றாத நகரம் அது. பழைய தெய்வங்களின் வழிபாட்டைக் கிறிஸ்தவர்கள் நிறுத்தியதால்தான் இவ்வழிவு வந்தது என்று பலர் குற்றம் சாட்டினர். கிறிஸ்தவர்களோ, எங்கள் நகரைக் கடவுள் ஏன் காக்கவில்லை எனக் கலங்கினர். இதற்கு விடையாக அகுஸ்தினார் 413இல் 'கடவுளின் நகரம்' என்னும் நூலை எழுதத் தொடங்கினார். 22 பாகங்களைக் கொண்ட அந்நூல் 426 அளவில் நிறைவுற்றது. அதன் முதற் பாகத்தில் அவர் கூறும் கருத்துகளுள் சில:

• கிறிஸ்தவம் பிறப்பதற்கு முன்னரும் உரோமை போர்களையும் பேரழிவுகளையும் சந்தித்தது. ஆகவே குற்றச்சாட்டு பொருந்தாது.
• நல்லவர், தீயவர் இருவருக்கும் துன்பம் வருகின்றது. துன்பம் வந்ததைக் கொண்டு ஒருவரைப் பாவி எனத் தீர்மானிக்க முடியாது.
• துன்பம் ஒன்றே. அதைத் தாங்குவோர் வேறு. ஒரே நெருப்பில் பொன் ஒளிர்கின்றது, பதர் புகைகின்றது.
• போர்வீரரின் வன்கொடுமைக்கு ஆளான பெண்கள்மீது குற்றமில்லை. மனம் இசையாதபோது தூய்மை இழக்கப்படுவதில்லை.

இறுதிக் கருத்தை மாணவர் ஊன்றிக் கவனிக்க வேண்டும். பாதிக்கப்பட்டவரையே பழிக்கும் வழக்கம் அன்றும் இருந்தது, இன்றும் உள்ளது. அகுஸ்தினார் அதை ஏற்கவில்லை.

விவிலிய அடிப்படை:

• யோபு நூல்: யோபுவின் பாவமே துன்பத்திற்குக் காரணம் என வாதிட்ட நண்பர்களைக் கடவுள் கண்டிக்கின்றார் (யோபு 42:7).
• லூக்கா 13:1-5: சீலோவாம் கோபுரம் விழுந்து இறந்த பதினெட்டுப் பேர் மற்றவர்களைவிடப் பெரிய பாவிகள் அல்லர் என இயேசு கூறுகின்றார். அதேவேளை கேட்போர் அனைவரையும் மனம் மாற அழைக்கின்றார்.
• யோவான் 9:1-3: பிறவியிலேயே பார்வையற்றவரின் நிலைக்கு அவரோ பெற்றோரோ செய்த பாவம் காரணமன்று என்கின்றார்.

2004 டிசம்பர் 26ஆம் திகதி, நத்தாருக்கு மறுநாள், சுனாமி இலங்கையில் 30,000க்கும் மேற்பட்டோரின் உயிரைப் பறித்தது. இறந்தோருள் பாலகரும் இருந்தனர். இத்தகைய அழிவின்போது "இது அவர்களின் பாவத்திற்குக் கிடைத்த தண்டனை" எனக் கூறுவது மேற்கண்ட விவிலியப் பகுதிகளுக்கு மாறானதாகும். ஏன் நடந்தது என்பதற்கு முழுமையான விடை நம்மிடம் இல்லாதிருக்கலாம். என்ன செய்யவேண்டும் என்பதற்கு விடை உண்டு: துயருறுவோரின் அருகில் நிற்றல்.

4. களியாட்டங்கள் பற்றிய போதனை

உரோமைப் பேரரசில் நாடகம், தேரோட்டம், வாள்வீரர் சண்டை, விலங்குப் போர் ஆகியன மக்களைக் கவர்ந்த பொழுதுபோக்குகளாகும். இவற்றைத் திருச்சபையின் போதகர்கள் கண்டித்தனர்.

• தெர்த்துல்லியன்: 200ஆம் ஆண்டளவில் காட்சிகள் பற்றித் தனிநூல் எழுதினார். இவை சிலைவழிபாட்டோடு பிணைந்தவை, மனவெறியைத் தூண்டுபவை என்றார்.
• புனித யோவான் கிறிசோஸ்தோம்: கொன்ஸ்தாந்திநோபிளின் பேராயராக இருந்தபோது, மக்கள் ஆலயத்தை விட்டுத் தேரோட்டத்திற்கும் நாடகத்திற்கும் சென்றதைக் கண்டித்து 399இல் மறையுரை ஆற்றினார்.
• புனித அகுஸ்தினார்: தம் சொந்த அனுபவத்தையும் நண்பரின் அனுபவத்தையும் கொண்டு விளக்கினார்.

அகுஸ்தினாரின் நண்பர் அலிப்பியுஸ் சட்டம் கற்க உரோமைக்குச் சென்றார். வாள்வீரர் சண்டையை வெறுத்த அவரை நண்பர்கள் வலிந்து அரங்கிற்கு இழுத்துச் சென்றனர். "என் உடல் இங்கிருந்தாலும் மனம் இராது" எனும் உறுதியுடன் அவர் கண்களை மூடிக்கொண்டார். ஒருவன் வீழ்ந்தபோது கூட்டம் ஆரவாரித்தது. அலிப்பியுஸ் கண்களைத் திறந்தார். குருதியைக் கண்டு வெறிகொண்டார். அதன்பின் மற்றவர்களையும் அரங்கிற்கு அழைத்துச் செல்பவராக மாறினார். காலப்போக்கில் அதிலிருந்து விடுபட்டுத் தகாஸ்தே நகரின் ஆயரானார். தன் பலத்தில் அளவுகடந்த நம்பிக்கை வைத்தவர் கூட்டத்தின் இழுப்பில் வீழ்ந்தார் என்பதே இதன் படிப்பினை.

நாடகம் பற்றி அகுஸ்தினார் வேறொரு வினாவை எழுப்புகின்றார். மேடையில் காட்டப்படும் துயரத்தைக் கண்டு அழுவதில் ஏன் இன்பம் உண்டாகின்றது? அங்கே பார்வையாளர் யாருக்கும் உதவ அழைக்கப்படுவதில்லை; அழுவதற்கு மட்டுமே அழைக்கப்படுகின்றார். உண்மையான இரக்கமோ துன்பமே இல்லாதிருப்பதை விரும்பும் என்கின்றார்.

5. இரு கருத்துகளும் இணையும் இடம்

உரோமை வீழ்ந்தபின் கடல் கடந்து கார்த்தேஜை அடைந்த அகதிகளில் சிலர் நாள்தோறும் நாடக அரங்குகளில் கூடியதை அகுஸ்தினார் வேதனையுடன் குறிப்பிடுகின்றார். பேரழிவும் அவர்களைத் திருத்தவில்லை என்பது அவரது கவலை. துன்பம் மனிதனைத் தானாகத் திருத்துவதில்லை. அதை எவ்வாறு ஏற்கின்றான் என்பதே முக்கியம். அவ்வாறே களியாட்டமும் நம் மனத்தை என்ன செய்கின்றது என்பதைக் கொண்டே அளவிடப்பட வேண்டும்.

இன்றைய உதாரணம் ஒன்றை எடுப்போம். வீதி விபத்தில் ஒருவர் காயமுற்றுக் கிடக்கின்றார். சுற்றி நிற்போர் கைத்தொலைபேசியில் படம் பிடிக்கின்றனர். பிறர் துன்பத்தை வேடிக்கையாக்கும் இம்மனநிலையே அரங்கில் அலிப்பியுஸை ஆட்கொண்டது.

6. எல்லாக் களியாட்டமும் பாவமா?

இல்லை. ஆலய இசையின் இனிமை மனத்தைத் திசைதிருப்புமோ என அகுஸ்தினார் ஐயுற்றார். ஆயினும் ஆலயத்தில் பாடும் வழக்கத்தை ஏற்றுக்கொண்டார். நடுக்கால ஐரோப்பாவில் திருச்சபையே விவிலிய நாடகங்களை வளர்த்தது. நம் நாட்டில் கத்தோலிக்க நாட்டுக்கூத்து மரபு மன்னாரிலும் யாழ்ப்பாணத்திலும் செழித்தது. யாழ்ப்பாணத்தில் மரியசேவியர் அடிகளார் 1965இல் தொடங்கிய திருமறைக் கலாமன்றம் திருப்பாடுகளின் காட்சிகளை மேடையேற்றி வந்துள்ளது. ஆகவே பண்டைய போதகர்களின் கண்டனத்தை அவர்களின் காலச் சூழலில் வைத்து விளங்கிக்கொள்ள வேண்டும். மனித உயிரைப் பலியாக்கிய வாள்வீரர் சண்டையும் ஊர்க் கோயில் முற்றத்துக் கூத்தும் ஒன்றல்ல.

ஒரு பொழுதுபோக்கைப் பற்றிக் கேட்கவேண்டிய மூன்று வினாக்கள்:
(1) இதில் யாராவது துன்புறுத்தப்படுகின்றாரா, இழிவுபடுத்தப்படுகின்றாரா?
(2) இது என் கடமைகளையும் வழிபாட்டையும் விழுங்குகின்றதா?
(3) இதன்பின் பிறர்மீது என் இரக்கம் வளர்கின்றதா, குறைகின்றதா?

7. மாணவர் விடும் தவறுகள்

• "தீமை வெறும் பொய்த்தோற்றம் என அகுஸ்தினார் கூறினார்" என எழுதுதல் தவறு. நன்மையின் குறைவு என்றாரே தவிர, துன்பத்தின் வேதனையை மறுக்கவில்லை.
• லூக்கா 13ஐத் தண்டனைக்கு ஆதாரமாகக் காட்டுதல் தவறு.
• அலிப்பியுஸின் கதையை மட்டும் எழுதி, படிப்பினையை விட்டுவிடுதல் கூடாது.

பயிற்சி வினாக்கள்

1. தீமை பற்றிய மனிக்கேயரின் கருத்தையும் அகுஸ்தினாரின் கருத்தையும் ஒப்பிடுக.
2. துன்பம் பாவத்தின் தண்டனை என்ற கூற்றை இரு விவிலியப் பகுதிகளின் துணையுடன் ஆராய்க.
3. அலிப்பியுஸின் அனுபவம் இன்றைய இளைஞருக்குத் தரும் இரு படிப்பினைகளை விளக்குக.
4. உங்கள் ஊரில் அழிவொன்றில் உறவினரை இழந்த நண்பரிடம் நீங்கள் சொல்லக்கூடாத ஒன்றையும் செய்யவேண்டிய ஒன்றையும் காரணத்துடன் எழுதுக.

நான்காம் வினாவிற்கு மனனம் செய்த விடை போதாது. உங்களுக்குத் தெரிந்த ஒருவரை மனத்தில் நிறுத்தி எழுதுங்கள்.