யாருக்காக இந்தச் சமரசம்?

உயர் நீதிமன்றத்துக்கு வரும் ரத்து மனுக்களில் ஒரு வகை உண்டு. புகார் கொடுத்த தகப்பனும் குற்றம் சாட்டப்பட்டவரும் அதில் ஒரே பக்கம் நிற்பார்கள். பெரியவர்கள் பேசி முடித்துவிட்டார்கள், தவறான புரிதலில் கொடுத்த புகார், இனி வழக்கு நடத்த விருப்பமில்லை என்று எழுதிய முத்திரைத்தாள் ஒன்று மனுவோடு இணைந்திருக்கும். அடிதடி, சொத்துத் தகராறு, கணவன் மனைவி வழக்கு என்றால் இதில் குறை சொல்ல ஒன்றுமில்லை. புகாரின் நடுவில் இருப்பது ஒரு குழந்தை என்றால்?

2022 ஜனவரியில் ராஜஸ்தானில் ஒரு பட்டியல் சாதி மாணவியிடம் அரசுப் பள்ளி ஆசிரியர் பாலியல் அத்துமீறல் செய்ததாகப் புகார் பதிவானது. அந்த மாதமே தகப்பனார் முத்திரைத்தாளில் சமரசம் எழுதிக் கொடுத்தார். சில வாரங்களில் உயர் நீதிமன்றம் வழக்கை ரத்து செய்துவிட்டது. குடும்பமே வேண்டாம் என்ற பிறகு மேல்முறையீடு செய்ய யார் இருக்கிறார்கள்? வழக்கோடு நேரடித் தொடர்பில்லாத ஊர்க்காரர்கள் உச்ச நீதிமன்றத்துக்குப் போனார்கள். 2024 நவம்பரில் நீதிபதிகள் சி.டி.ரவிக்குமார், சஞ்சய் குமார் அமர்வு அந்த ரத்தை நீக்கி, விசாரணை தொடரட்டும் என்றது. இது இரு தரப்பு தங்களுக்குள் தீர்த்துக்கொள்ளும் தனிப்பட்ட விவகாரம் அல்ல என்பதே தீர்ப்பின் சாரம். அந்த ஊர்க்காரர்கள் சும்மா இருந்திருந்தால் அந்த முத்திரைத்தாளே கடைசி வார்த்தையாகியிருக்கும் என்பதுதான் என்னை உறுத்துகிறது.

சட்டம் இதில் குழப்பமாக இல்லை. எந்தெந்தக் குற்றங்களைச் சமரசம் செய்துகொள்ளலாம் என்று பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 320-வது பிரிவு பட்டியல் போட்டது. இப்போது அதன் இடத்தில் வந்த பாரதிய நாகரிக் சுரக்‌ஷா சன்ஹிதாவின் 359-வது பிரிவு அதைச் செய்கிறது. பாதிக்கப்பட்டவர் 18 வயதுக்குக் கீழே என்றால், அவர் சார்பில் பெரியவர் ஒருவர் சமரசம் செய்யலாம். அதற்கும் நீதிமன்ற அனுமதி வேண்டும். குழந்தைகளைப் பாலியல் குற்றங்களிலிருந்து காக்கும் போக்சோ சட்டத்தின் கீழ் வரும் குற்றங்கள் அந்தப் பட்டியலிலேயே இல்லை. அதனால்தான் வழக்கை ரத்து செய்யும் உயர் நீதிமன்றத்தின் உள்ளார்ந்த அதிகாரத்தைத் தேடி வருகிறார்கள். கியான் சிங் வழக்கில் 2012-லேயே உச்ச நீதிமன்றம் கோடு போட்டுவிட்டது: கொலை, வல்லுறவு போன்ற கொடுங்குற்றங்களைச் சமரசத்தைக் காட்டி ரத்து செய்யக் கூடாது.

ஆனாலும் ‘பேசித் தீர்த்துக்கொள்ளுங்கள்’ என்ற ஊர்ப் பஞ்சாயத்து மனசு நீதிமன்றத்துக்குள்ளும் எட்டிப் பார்க்கிறது. கடலூர் வழக்கை நம்மவர்கள் மறந்திருக்க மாட்டார்கள். சிறுமியாக இருந்தபோது வல்லுறவுக்கு ஆளாகி ஒரு குழந்தைக்குத் தாயான பெண்ணோடு சமரசம் பேசுவதற்காக, தண்டனை பெற்றவருக்கு 2015 ஜூனில் சென்னை உயர் நீதிமன்றம் ஜாமீன் கொடுத்தது. பெற்றோர் இல்லாத அந்தப் பெண், அவன் முகத்தில் விழிக்கவே விரும்பவில்லை என்பதில் உறுதியாக நின்றார். வல்லுறவு வழக்கில் சமரசம் என்ற பேச்சுக்கே இடமில்லை என்று உச்ச நீதிமன்றம் வேறொரு வழக்கில் ஜூலை 1 அன்று கண்டித்தது. அதன்பின் சென்னை உத்தரவு திரும்பப் பெறப்பட்டது. அவரைக் கேட்காமலேயே அவருக்கு ஒரு குடும்பம் அமைத்துத் தர முனைந்தார்கள்.

இதே போக்சோ சட்டத்தின் கீழ் முற்றிலும் வேறு மாதிரியான வழக்குகளும் வருகின்றன. பதினேழு வயதுப் பெண் இருபது சொச்ச வயதுப் பையனோடு வீட்டை விட்டுப் போகிறாள். பையன் வேறு சாதி என்றால் சொல்லவே வேண்டாம், மறுநாளே அனைத்து மகளிர் காவல் நிலையத்தில் புகார். கோபம் தணிந்த பிறகு பெற்றவர்களே ரத்து கேட்டு வருகிறார்கள். அப்படி ஈரோட்டு வழக்கு ஒன்றை 2021 ஜனவரியில் நீதிபதி ஆனந்த் வெங்கடேஷ் ரத்து செய்தார். வளரிளம் பருவத்துக் காதலைத் தண்டிக்க இந்தச் சட்டம் வரவில்லை என்றார். இத்தகைய வழக்குகளில் அவசரக் கைது வேண்டாமென 2022 டிசம்பரில் தமிழகக் காவல் துறைத் தலைவரும் சுற்றறிக்கை விட்டார். இந்த ரத்தை நான் ஆதரிக்கிறேன். அந்தப் பையனைச் சிறையில் வைத்தால் எந்தக் குழந்தையும் காக்கப்படப்போவதில்லை.

சிக்கல் என்னவென்றால், ஆசிரியர் வழக்கும் காதல் வழக்கும் ஒரே வாசகத்தோடுதான் மேசைக்கு வருகின்றன. காகிதத்தைப் பார்த்து இரண்டையும் பிரிக்க முடியாது. அந்தப் பெண்ணைப் பார்த்துத்தான் பிரிக்க முடியும். 2022-ல் தண்டபாணி வழக்கில் உச்ச நீதிமன்றம் அதைச் செய்தது. அக்காள் மகளை மணந்த தாய்மாமனுக்குப் பத்தாண்டுத் தண்டனை. மாவட்ட நீதிபதி மூலம் அந்தப் பெண்ணின் வாக்குமூலத்தைப் பதிவு செய்த பிறகே, இது முன்னுதாரணம் ஆகாது என்ற குறிப்போடு தண்டனையை நீக்கியது. மாமன் சரியாகக் கவனித்துக்கொள்ளாவிட்டால் அந்தப் பெண் மீண்டும் நீதிமன்றத்தை அணுகலாம் என்றும் சொன்னது. இருந்தாலும் எனக்கு மனம் முழுதாக ஒப்பவில்லை. கேட்கும்போது அவர் இரண்டு குழந்தைகளின் தாய். வேறு எங்கே போவேன் என்பது அவர் பதிலுக்குள் இருந்திருக்காதா? மேற்கு வங்க வழக்கொன்றில் 2025 மே மாதம் உச்ச நீதிமன்றம், குற்றம் நிரூபணமானாலும் தண்டனை வேண்டாம் என்று முடித்தது. அங்கே நிபுணர் குழு பாதிக்கப்பட்ட பெண்ணிடம் பேசியிருந்தது. குற்றத்தைவிட, அதன் பின்வந்த வழக்கும் அலைச்சலுமே அவரை அதிகம் வதைத்தன என்று தெரியவந்தது.

காலம் கடந்து கேட்டால் பதில் மாறிவிடும். குழந்தையின் சாட்சியத்தை 30 நாட்களுக்குள் பதிவு செய்ய வேண்டும், முடிந்தவரை ஓராண்டுக்குள் விசாரணையை முடிக்க வேண்டும் என்கிறது போக்சோவின் 35-வது பிரிவு. வழக்கு இழுத்துக்கொண்டே போகும் அந்த இடைவெளியில்தான் சமரசம் உருவாகிறது. குற்றம் சாட்டப்பட்டவர் பெரும்பாலும் தெரிந்தவர், பல வழக்குகளில் சொந்தக்காரர். சித்தப்பாவைச் சிறைக்கு அனுப்பிவிட்டுப் பாட்டி முகத்தில் எப்படி விழிப்பாய் என்று வீட்டுக்குள்ளேயே கேட்பார்கள். பன்னிரண்டு வயதுப் பிள்ளை அதற்கு என்ன பதில் சொல்லும்?

ஆகவே சமரச மனு வந்தால், நீதிபதி பெற்றோரை வெளியே அனுப்பிவிட்டு அந்தப் பிள்ளையோடு தனியாகப் பேச வேண்டும். குடும்பத்தின் வழக்கறிஞர் போதாது. பிள்ளைக்கென்று தனி வழக்கறிஞர் வேண்டும். பாதிக்கப்பட்ட குழந்தைக்கு வழக்கு முழுதும் துணை நிற்கும் ஆதரவு நபர் கிடைப்பதை அரசுகள் உறுதிசெய்ய வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2023 ஆகஸ்டில் வலியுறுத்தியது. அந்த ஆதரவு நபரின் அறிக்கை இல்லாமல் ஒரு சமரசத்தையும் பரிசீலிக்கக் கூடாது. பிள்ளை இப்போது யார் வீட்டில் இருக்கிறது, பள்ளிக்குப் போகிறதா, பணம் கைமாறியதா என்பதை அவர் எழுதித் தரட்டும்.

பணம் என்றதும் பெற்றோரை மட்டும் குற்றம் சொல்வது எளிது. கூலி வேலையை விட்டு வாய்தா வாய்தாவாக அலையும் தாய்க்கு, எதிர்த் தரப்பு நீட்டும் தொகை சிறியதல்ல. 2020-ம் ஆண்டு போக்சோ விதிகளின்படி, வழக்கு முடியும்வரை காத்திராமலே சிறப்பு நீதிமன்றம் இடைக்கால இழப்பீடு வழங்கலாம். உத்தரவு கிடைத்த 30 நாட்களில் அரசு அதைக் கொடுத்தாக வேண்டும். அந்தக் கெடுவுக்குள் பணம் வந்து சேர்ந்தால், சமரசப் பத்திரத்தில் கையெழுத்துப் போடாமல் திரும்பி நடக்கிற தைரியம் பல தாய்மாருக்கு வரும்.