சதுரம் ஏன் சாய்கிறது?

ஒரகடத்திலிருந்து ஸ்ரீபெரும்புதூர் செல்லும் வழியில் உயர் அழுத்த மின்கோபுரங்களைப் பார்த்திருப்பீர்கள். அவற்றில்தான் எத்தனை முக்கோணங்கள்! ஏன் என்று மாணவரைக் கேட்டால், "முக்கோணம் உறுதியானது" என்பார். எப்படித் தெரியும் என்றால், "புத்தகத்தில் உள்ளது" என்பார். இப்பகுதி மாணவர் பலர் நாளை இங்குள்ள தொழிற்சாலைகளுக்கே செல்வர். சொன்னதைப் பூட்டும் கை மட்டும் அவர்களுக்குப் போதுமா?

சைக்கிள் கடையில் வால்வு டியூப் வாங்கிச் சிறு துண்டுகளாக நறுக்குங்கள். மருந்து சுரண்டிய தீக்குச்சிகளை அவற்றில் செருகினால் மூட்டு தயார். இம்முறையை உருவாக்கியவர் அரவிந்த் குப்தா, கான்பூர் ஐ.ஐ.டி.யில் பயின்று, புனேயில் டெல்கோ லாரித் தொழிற்சாலையில் பணியாற்றிய பொறியாளர். 1978இல் விடுப்பு எடுத்துக்கொண்டு மத்தியப் பிரதேசத்தின் ஹோஷங்காபாத் மாவட்டத்திற்குச் சென்றார். அங்கே 1972இல் 16 பள்ளிகளில் தொடங்கிய சோதனைவழி அறிவியல் திட்டம் நடந்து வந்தது. (2002இல் மாநில அரசு அதை நிறுத்திவிட்டது. வருந்தத்தக்க முடிவு.)

மூன்று குச்சிகளாலான முக்கோணத்தை விரலால் தள்ளுங்கள், அசையாது. நான்கு குச்சிச் சதுரமோ சாய்ந்துவிடும். அதை நிறுத்த இன்னும் எத்தனை குச்சி வேண்டும்? செய்யுமுன் விடையைத் தாளில் எழுதிவிட வேண்டும். இல்லையேல் இது வெறும் விளையாட்டே. என் வகுப்பில் பெரும்பாலோர் 'இரண்டு' என்று எழுதினர். மூட்டில் முள்ளால் துளையிட்டு, மூலைக்கு மூலை ஒரு குச்சியைச் செருக முயன்றனர். எட்டவில்லை! மூலைவிட்டம் பக்கத்தைப்போல் 1.414 மடங்கு அல்லவா? சதுரத்தைச் சாய்சதுரமாகச் சாய்த்ததும் எட்டியது. ஒரே குச்சியில் சட்டம் நின்றுவிட்டது.

காரணம் இதுதான். தளத்தில் ஒரு மூட்டு இரு திசைகளில் நகரலாம். நான்கு மூட்டுகளுக்கு எட்டு அசைவுகள். சட்டம் முழுவதுமாக நகர்வதும் சுழல்வதுமான மூன்றைக் கழித்தால் ஐந்து. ஒரு குச்சி ஓர் அசைவைத் தடுப்பதால் ஐந்து குச்சிகள் வேண்டும். இத்தகைய கணக்கை 1864இல் மாக்ஸ்வெல் வகுத்தார். முப்பரிமாணத்தில் மூட்டுக்கு மூன்று அசைவுகள். கழிக்க வேண்டியவை ஆறு. எனவே எட்டு மூட்டுள்ள கனசதுரத்திற்கு 18 குச்சிகள்: விளிம்புகள் 12, மூலைவிட்டங்கள் 6.

ஒரு மாணவர், மூலைவிட்டங்களுக்குத் தென்னை ஈர்க்கு வைத்து, 18ஐயும் பூட்டினார். அப்படியும் கனசதுரம் ஆடியது. கணக்கு தவறு என்றார். நான் ஒன்றும் சொல்லவில்லை. பாடவேளை முடியும் தறுவாயில், ஒரு முகத்தில் இரண்டு ஈர்க்குகள் இருப்பதையும், எதிர்முகம் வெறுமையாக இருப்பதையும் அவரே கண்டார். ஒன்றை உருவி, எதிர்முகத்தில் செருகினார்.